பின்னல் ஊசியும் முகமூடியும்

கம்பளி பின்னத் தெரிந்த சகோதரிகளுக்கு இந்த வாரம் ஒரு விசேஷச் சேதி. முரட்டு விளையாட்டு என்று பெயர் வாங்கிய ஐஸ் ஹாக்கியில் கொடி கட்டிப் பறந்த ஓர் ஆசாமி, ஓய்வு கிடைத்தபோதெல்லாம் இரண்டு ஊசியும் நூல்கண்டுமாக உட்கார்ந்துவிடுவார்! தொப்பி பின்னுவார், உள்ளே போட்டுக்கொள்ளும் பனியன்கூடப் பின்னுவார். பார்த்தவர்கள் சிரித்தால், சிரித்துவிட்டுப் போகட்டும் என்று அடுத்த வரிசையை ஆரம்பித்துவிடுவார். அவர் பெயர் ழாக் பிளாண்ட்.

1929-ம் வருஷம் கானடா தேசத்தில், பிரெஞ்சு பேசும் கியூபெக் மாகாணத்தில், ஒரு பண்ணை வீட்டில் பிறந்தவர். பதினோரு குழந்தைகளில் மூத்தவர். மூத்த பிள்ளையின் பாடு எந்த ஊரிலும் ஒன்றுதானே! தம்பி தங்கைகளைப் பார்த்துக்கொள்வது, சமையலில் கூடமாட ஒத்தாசை செய்வது, தைப்பது, பின்னுவது எல்லாம் அம்மாவிடம் கற்றுக்கொண்டார். 'ஆண் பிள்ளைக்கு எதற்கு ஊசியும் நூலும்?' என்று அந்த அம்மாள் யோசித்ததாகத் தெரியவில்லை.

பையனுக்கு ஆஸ்த்மா வேறு. பனிக்கட்டியின்மேல் வெகுநேரம் சறுக்கி ஓடினால் மூச்சு இரைக்கும். ஓட முடியாதவனுக்கு மிச்சம் இருந்தது கோல் வாசல்தான். ஓர் ஆலைக் குழுவுக்குக் கோல் காத்துக்கொண்டிருந்த சமயம், "சம்பளம் கேட்டுப் பாரேன்" என்றார் தகப்பனார். ஆட்டத்துக்கு ஐம்பது செண்ட் தருவதாகப் பயிற்சியாளர் ஒப்புக்கொண்டார். மற்றப் பையன்களிடம் மூச்சு விடக்கூடாது என்பது நிபந்தனை!

இந்த விளையாட்டில் பந்து கிடையாது. மூன்று அங்குல விட்டமும் ஓர் அங்குல கனமும் உள்ள ரப்பர் வில்லைதான் உண்டு. 'பக்' என்று பெயர். துள்ளாமல் இருப்பதற்காக அதை ஆட்டத்துக்கு முன் உறையவைத்துவிடுவார்கள். அப்புறம் அது ரப்பரா கல்லா என்று கேட்கவேண்டாம். பலசாலி ஒருவர் மட்டையை ஓங்கி அடித்தால், மணிக்கு நூறு மைலை நெருங்கும் வேகத்தில் வரும். கோல் வாசல் ஆறடி அகலம், நாலடி உயரம். காவல் நிற்பவருக்குக் காலில் மெத்தை, மார்பில் மெத்தை, கையில் தடித்த உறை. முகத்துக்கு மட்டும் ஒன்றுமே கிடையாது!

ஏன் என்று கேட்டால், முகத்தை மூடுகிறவன் கோழை என்று பதில். பிளாண்டின் முகத்தில் சுமார் இருநூறு தையல்கள் விழுந்துவிட்டன. மூக்கு நாலு தரம் உடைந்தது. வேடிக்கை என்னவென்றால், 1927-லேயே குவீன்ஸ் சர்வகலாசாலையில் எலிசபெத் கிரஹாம் என்ற மாணவி, வாள்பயிற்சிக்குப் போடும் கம்பிவலை முகமூடியை அணிந்து கோல் காத்திருக்கிறாள். பெண்ணுக்குத் தோன்றிய யோசனை ஆண்கள் மண்டையில் ஏற முப்பத்திரண்டு வருஷம் ஆயிற்று!

பிளாண்ட் 1950-களில் மாண்ட்ரீல் கனேடியன்ஸ் குழுவின் காவலர் ஆனார். தாமே பின்னிய கம்பளித் தொப்பியோடு ஆடுவது அவர் வழக்கம். 'இங்கே தொப்பி கூடாது' என்றார் அப்போதைய பயிற்சியாளர். பிளாண்ட் கழற்றிவிட்டார். வேறு வழி? அந்தக் காலத்தில் நேஷனல் ஹாக்கி லீகில் மொத்தமே ஆறு குழுக்கள். குழுவுக்கு ஒரே கோல்கீப்பர். ஆக, அந்தப் பெரிய லீகில் கோல் காவலர் உத்தியோகம் ஆறே ஆறு. முறைத்துக்கொண்டால், அந்த இடத்துக்குக் காத்திருப்பவர்கள் எத்தனையோ பேர்.

அடுத்து வந்த பயிற்சியாளர் டோ பிளேக், பயிற்சியின்போது முகமூடி போட்டுக்கொள்ளச் சம்மதித்தார். ஆட்டத்தில் மட்டும் கூடாது என்றார். காலடியில் வரும் பக் கண்ணில் படாதாம், ஆளும் அசட்டையாகிவிடுவானாம். இதற்குள் பில் பர்ச்மோர் என்பவர், பிளாண்டின் முகத்தை அச்செடுத்து, கண்ணாடி நாரினால் கச்சிதமான முகமூடி ஒன்று செய்து கொடுத்தார். ஒரு ராத்தல் எடைகூட இல்லை. அது பெட்டிக்குள்ளே காத்திருந்தது.

1959 நவம்பர் 1. நியூயார்க் மாடிசன் ஸ்கொயர் கார்டன். ரேஞ்சர்ஸ் குழுவின் ஆண்டி பாத்கேட் அடித்த பக் நேராக முகத்தில் வந்து விழுந்தது. (வேண்டுமென்றேதான் அடித்தேன் என்று பிற்காலத்தில் அவரே ஒப்புக்கொண்டார், முன்னதாக பிளாண்ட் அவரைத் தடுக்கி விழவைத்திருந்தாராம்.) ரத்தம் வழிய உள்ளே போனார் பிளாண்ட். ஏழு தையல். "சரி, கிளம்பு" என்று பிளேக் நிற்கிறார். "முகமூடி இல்லாமல் வரமாட்டேன்" என்றார் பிளாண்ட்.

பிளேக்குக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல. ஆனால் என்ன செய்வது? மாற்று ஆள் வேண்டுமென்றால், அரங்கத்தார் அவசரத்துக்கு வைத்திருக்கும் உள்ளூர் ஆசாமியைத்தான் நிறுத்தவேண்டும். காயம் ஆறியதும் கழற்றிவிடவேண்டும் என்று சொல்லிச் சம்மதித்தார். முகமூடியோடு பனியில் இறங்கினார் பிளாண்ட். மாண்ட்ரீல் 3-1 என்று ஜயித்தது.

காயம் ஆறிற்று, முகமூடி கழலவில்லை. பதினெட்டு ஆட்டங்கள் தோல்வியே இல்லாமல் போனால் எந்தப் பயிற்சியாளர் வாயைத் திறப்பார்? 1960 மார்ச் 8-ந் தேதி மட்டும் பிளேக் கேட்டுக்கொண்டதற்காக வெறும் முகத்தோடு ஆடினார். டெட்ராயிட்டிடம் 0-3 தோல்வி! மறுநாளே முகமூடி திரும்பி வந்தது. அந்த வருஷமும் ஸ்டான்லி கோப்பை மாண்ட்ரீலுக்குத்தான். தொடர்ந்து ஐந்தாவது முறை.

பயந்தவர் என்று ஏசியவர்களிடம், பாராசூட் இல்லாமல் விமானத்திலிருந்து குதிப்பதுதான் தைரியமா என்று கேட்டாராம் அவர். நம் சமையலறையில் கேட்டிருந்தால் இன்னும் சுலபமாகப் பதில் கிடைத்திருக்கும். கொதிக்கிற பாத்திரத்தைக் கரித்துணி பிடித்து இறக்குகிறவளை யாராவது பயந்தாங்கொள்ளி என்பார்களா?

1963-ல் நியூயார்க்குக்கு மாற்றிவிட்டார்கள். 1965-ல் ஓய்வு பெற்றார். ஓய்வு பிடிக்கவில்லை போலும். முப்பத்தொன்பதாவது வயதில் செயின்ட் லூயிஸ் குழுவுக்காகத் திரும்பி வந்தார். 1970 இறுதிப் போட்டியில் ஒரு பக் முகமூடியில் மோதி அதை உடைத்தே விட்டது. நினைவு தப்பி விழுந்தார். முகமூடி இல்லாவிட்டால் உயிர் போயிருக்கும் என்று பிறகு அவரே சொன்னார். நாற்பத்தொரு வயது மனுஷர், இத்தோடு போதும் என்று வீட்டுக்குப் போனாரா? அடுத்த பருவத்தில் டொராண்டோவுக்கு ஆடி, ஆட்டத்துக்குச் சராசரி இரண்டு கோல்கூடக் கொடுக்காமல் லீகிலேயே முதலாக நின்றார்!

அந்த லீகில் வெறும் முகத்தோடு கோல் காத்த கடைசி மனிதர் பிட்ஸ்பர்க் குழுவின் ஆண்டி பிரவுன்; 1974 ஏப்ரலோடு அதுவும் முடிந்தது. அதே வருஷக் கடைசியில் வேறொரு லீகில், எட்மண்டன் நகரக் குழுவின் கோல் வாசலில் முகமூடியோடு நின்றுகொண்டிருந்தார் பிளாண்ட். அப்போது அவருக்கு வயது நாற்பத்தைந்து.