முகத்தை மட்டும் பார்த்தவர்கள்

இங்க்ரிட் பெர்க்மனைப் பற்றித் தமிழில் எழுதப்படும் கட்டுரைகளுக்கு ஒரு வாய்பாடு உண்டு. முதலில் 'காஸாபிளாங்கா'வின் விமான நிலையம், நீர் தேங்கிய கண்கள். அடுத்து இத்தாலிய இயக்குநர் ரோஸ்ஸெல்லினிக்கு அவர் எழுதிய கடிதம், காதல், மணமுறிவு, ஊர்வாய். அதன்பின் ஏழாண்டு வனவாசம். 'அனஸ்டேஸியா'வுக்காக இரண்டாம் ஆஸ்கர், ஹாலிவுட்டின் மன்னிப்பு. கடைசியாக 'ஆட்டம் சொனாட்டா'. ஒரு மேதை அவரிடமிருந்து நடிப்பைக் கறந்தெடுத்தார் என்ற பாராட்டு. பாராட்டு மேதைக்கு, கறவைக்கு அன்று.

அண்மையில் ஒரு சிற்றிதழில் படிக்க நேர்ந்த கட்டுரையும் இவ்வாய்பாட்டிலிருந்து இம்மியும் பிசகவில்லை. "ரோஸ்ஸெல்லினி ஒரு பெரும் நடிகையை வீணடித்தார்" என்பது அதன் மையக் கருத்து. எழுதியவர் பெயரைச் சொல்லப் போவதில்லை. பத்தாண்டுகளுக்கு முன் எங்கள் கல்லூரித் திரைப்பட மன்றத்தில் நானும் ஏறத்தாழ இதையேதான் பேசினேன், மாணவர்கள் கைதட்டினார்கள். ஆகவே இம்மறுப்பு எனக்கும் உரியதுதான்.

அந்தப் புகழ்பெற்ற கடிதத்திலிருந்தே தொடங்குவோம். 1948இல் ரோஸ்ஸெல்லினியின் இரு படங்களைப் பார்த்தபின் எழுதியது. அதன் கடைசியில் வரும் இரண்டு இத்தாலியச் சொற்கள் காதலைச் சொல்பவை என்பதால், எல்லோரும் அதைக் காதல் கடிதமாகவே வாசித்துவிட்டார்கள். கடிதத்தின் உடல் என்ன சொல்கிறது? தமக்கு ஆங்கிலம் நன்றாக வரும், ஜெர்மன் மறக்கவில்லை, பிரெஞ்சு பிறர்க்கு அவ்வளவாகப் புரியாது, இத்தாலியனில் தெரிந்தவை இந்த இரு சொற்கள் மட்டுமே என்று அந்த ஸ்வீடிஷ் நடிகை பட்டியலிடுகிறார். ஒரு தச்சர் வேலை கேட்டு வந்து தம் பையைத் திறந்து காட்டுவது போன்ற கடிதம் அது. உளியெது, இழைப்புளியெது, எது மழுங்கியிருக்கிறது என்று சொல்கிறார். தம் முகத்தைப் பற்றி ஒரு சொல்கூட எழுதவில்லை. அந்த முகத்தை ரோஸ்ஸெல்லினி பார்த்திராவிட்டால் என்ன ஆகும் என்று அவர் கவலைப்பட்டதாகத் தெரியவில்லை.

1915இல் ஸ்டாக்ஹோமில் பிறந்தவர். தாய் ஜெர்மானியர், மகளுக்கு மூன்று வயது நிறையும் முன்பே இறந்துபோனார். தந்தையும் 1929இல் போய்விட்டார். ஆகவே ஜெர்மன் அவருக்கு நினைவில் இல்லாத தாயின் மொழி, உறவினர் வீட்டு மொழி. அரசு நாடகப் பள்ளியில் ஓராண்டு படித்துவிட்டுத் திரைக்கு ஓடினார். 1938இல் பெர்லினில் ஊஃபா நிறுவனத்துக்காக ஒரு ஜெர்மன் படத்தில் நடித்தார். எந்த ஆண்டு, யாருடைய பெர்லின் என்பதை வாசகர்க்கு நினைவூட்ட வேண்டியதில்லை. மொழி தெரிந்திருப்பது ஒருவரைப் போகக் கூடாத வாசலுக்கும் கூட்டிச் செல்லும். பின்னாளில் அவரே அதற்காக வருந்தியிருக்கிறார். நான் அதை மழுப்ப விரும்பவில்லை.

1939இல் ஹாலிவுட் வந்தபோது தயாரிப்பாளர் செல்ஸ்னிக் அவர் பெயரை, புருவத்தை, பல்லை மாற்ற விரும்பியதையும் அவர் மறுத்ததையும் எல்லோரும் எழுதுகிறார்கள். எழுதாதது ஒன்று உண்டு. அவருடைய உச்சரிப்பில் இருந்த ஸ்வீடன் கடைசிவரை அகலவில்லை. கதைகள்தாம் அதற்கேற்ப வளைந்தன. 'காஸாபிளாங்கா'வின் இல்ஸா நார்வேக்காரி. 'நொட்டோரியஸ்' நாயகி ஜெர்மன் உளவாளியின் மகள். 'ஃபார் ஹூம் தி பெல் டோல்ஸ்' படத்தில் ஸ்பானியப் பெண். அமெரிக்கக் காதுக்கு அந்நியம் என்றால் ஏதோ ஓர் அந்நியம், அவ்வளவுதான். இந்த ஏற்பாடு 1949இல் 'அண்டர் காப்ரிகார்ன்' படத்தில் கிழிந்தது: அயர்லாந்துச் சீமாட்டியின் பேச்சு அவருக்கு வரவில்லை, வந்த இடத்திலும் நிற்கவில்லை. ஹிட்ச்காக்கின் நீண்ட ஷாட்டுகளில் ஒளியவும் இடமில்லை. வீணடித்தல் பற்றிப் பேசுவோர் இந்த இடத்தில் சற்று நின்று யோசித்திருக்கலாம். அவருடைய உழைப்பு வட்டம் போடத் தொடங்கியது இத்தாலியில் அன்று, ஹாலிவுட்டிலேயே.

மொழியாசிரியன் என்ற முறையில் ஒரு சிறு விலகலுக்கு அனுமதி வேண்டும். ஸ்வீடிஷ் மொழியில் சொல்லின் சுருதி மாறினால் பொருளே மாறும். எழுத்தில் ஒன்றேயான 'அண்டென்' ஒரு சுருதியில் வாத்து, மறு சுருதியில் ஆவி. பிரெஞ்சில் அழுத்தம் தொடரின் இறுதிக்கு நகரும். ஜெர்மனின் துணைவாக்கியத்தில் நம் தமிழைப் போலவே வினை கடைசியில் வந்து நிற்கும். ஆகவே கேட்பவர் முடிவுவரை மூச்சைப் பிடித்திருக்க வேண்டும், சொல்பவரும் அவ்வாறே. ஒரு நடிகை ஒரு மொழியிலிருந்து இன்னொன்றுக்குப் போவதென்றால் வசனத்தை மாற்றி மனப்பாடம் செய்வது மட்டுமன்று. எங்கே மூச்சு வாங்குவது, எந்தச் சொல்லில் கண்ணை உயர்த்துவது, எப்போது மௌனம் மௌனமாகக் கேட்கும் என்பதையெல்லாம் புதிதாகக் கற்க வேண்டும். இதை ஒருமுறை செய்தாலே ஒரு வாழ்நாள் உழைப்பு. அவர் ஐந்து மொழிகளில் செய்தார்.

இப்போது அந்த 'வீணான' ஆண்டுகளுக்கு வருவோம். 1950இல் 'ஸ்ட்ராம்போலி'. போரினால் அகதியான லித்துவேனியப் பெண், முகாமிலிருந்து தப்ப ஒரு மீனவனை மணந்து எரிமலைத் தீவுக்கு வருகிறாள். ஆங்கிலப் பதிப்பைக் கேளுங்கள். கேளுங்கள் என்றுதான் சொல்கிறேன். அவளுக்கும் கணவனுக்கும் பொதுவாக இருப்பது இருவருக்கும் சொந்தமில்லாத ஓர் உடைந்த ஆங்கிலம். ஊராரின் பேச்சு அவளைச் சுற்றி வெறும் ஒலியாக ஓடுகிறது. எரிமலையைக் காட்டிலும் அவளை நெரிப்பது அந்த ஒலி. இந்த வேடத்தைப் பழுதற்ற ஆங்கிலம் பேசும் ஒருத்தி செய்திருக்கவே முடியாது. ஹாலிவுட் பத்தாண்டுகளாகச் சாக்குச் சொல்லி மூடிய அந்த உச்சரிப்பு இங்கே முதன்முறையாகப் படத்தின் பொருளாகவே ஆகிறது. அதே ஆண்டு மார்ச் மாதம் அமெரிக்கச் செனட்டில் கொலராடோ உறுப்பினர் ஒருவர் எழுந்து இந்தப் பெண்ணின் ஒழுக்கத்தைச் சாடிக்கொண்டிருந்தார். 1972இல் வேறோர் உறுப்பினர் அதே அவையில் வருத்தம் தெரிவித்தார். நம் கட்டுரையாளர்கள் இவ்விரு செய்திகளுக்கு ஒதுக்கும் பத்திகளில் பாதியைப் படத்துக்கு ஒதுக்கியிருந்தால் போதும்.

அடுத்து 'யூரோப்பா 51'. 1952 வெனிஸ் விழாவில் சிறந்த நடிகைப் பரிசு அவருக்குக் கிட்டியிருக்க வேண்டியது. கிட்டவில்லை. காரணம், இத்தாலியப் பதிப்பில் இருந்தது அவர் குரலன்று. வேறொரு நடிகையின் பின்னணிக் குரல். 1992இல், அவர் மறைந்து பத்தாண்டு கழிந்தபின், அப்பரிசு அவருடைய பிள்ளைகளிடம் வழங்கப்பட்டது. இதை அநீதி என்று எழுதுவது எளிது. என் துணிபு வேறு: 1952இன் முடிவே சரியானது. குரலைக் கழித்துவிட்டு நடிப்பை எடைபோட முடியாது என்று ஒரு விழாவாவது ஒப்புக்கொண்டதே! நம்மவர்களோ, அவர் குரலே இல்லாத இத்தாலியப் பதிப்பைக் கணினியில் பார்த்துவிட்டு, "நடிப்பில் உயிரில்லை" என்று தீர்ப்பெழுதுகிறார்கள். அவர் ஆங்கிலத்தில் சொந்தக் குரலில் பேசிய பதிப்பு தனியே இருக்கிறது என்பதைத் தேடிப் பார்க்கும் பொறுமை இல்லை.

'வனவாச'த்தின் பிற கணக்கையும் சொல்லிவிடுகிறேன். 1954இல் 'பயம்' படத்தை ஜெர்மனிலும் ஆங்கிலத்திலும் இரு பதிப்புகளாக நடித்தார். அவர் முகத்துக்கு முன் மாறி மாறி இரண்டு மூச்சு. அதே ஆண்டு வெளியான 'இத்தாலியப் பயணம்' வசூலில் படுத்தது. பாரிஸின் இளம் விமர்சகர்கள் அதைத் தூக்கிப் பிடித்தார்கள், ரிவெட் அதற்காக ஒரு நீண்ட கடிதமே எழுதினார். 1953 டிசம்பரில் நேப்பிள்ஸின் சான் கார்லோ அரங்கில் க்ளோதெலும் ஹோனெகரும் படைத்த ஜோன் இசைநாடகம். பாடகர்கள் சூழப் பாடாமல் பேசவேண்டிய பாத்திரம். பக்கவாத்தியமெல்லாம் முழங்க, நடுவே வெறும் பேச்சுக் குரல். அதை எடுத்துக்கொண்டு ஐரோப்பா சுற்றினார்: இத்தாலியில் இத்தாலியன், பாரிஸில் பிரெஞ்சு, லண்டனில் ஆங்கிலம், 1955இல் ஸ்டாக்ஹோமில் ஸ்வீடிஷ். மற்ற ஊர்களில் மரியாதையாவது கிடைத்தது. சொந்த ஊரில், சொந்த மொழியில் பேசியபோதுதான் பத்திரிகைகள் குதறின. அவர் அழுதுகொண்டு ஊரைவிட்டுப் போகவில்லை. ஒரு நிதியுதவி நிகழ்ச்சியின் மேடையிலிருந்தே, அந்த மொழியிலேயே, பதில் சொன்னார்.

1956இல் ரெனுவாருடன் பிரெஞ்சுப் படம். அவ்வாண்டு டிசம்பரில் பாரிஸ் மேடையில் 'டீ அண்ட் சிம்பதி' நாடகம், பிரெஞ்சு மொழியில். மறு ஆண்டு மார்ச்சில் 'அனஸ்டேஸியா'வுக்கு ஆஸ்கர் அறிவிக்கப்பட்டபோது மேடையேறி வாங்கிக்கொண்டவர் கேரி கிராண்ட். பெர்க்மனுக்கு பாரிஸில் நாடகம் இருந்தது. 'மறுவரவு' என்று நாம் எழுதுகிற அந்த இரவில் அவர் எங்கும் மீளவில்லை. எட்டாண்டுக்கு முன் எவருக்கும் புரியாது என்று தாமே எழுதிய மொழியில் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். 1962இல் அதே நகரில், அதே மொழியில், இப்ஸனின் ஹெட்டா. பிறகு லண்டன் மேடைகள், ஓ'நீல், ஷா, சாமர்செட் மாம். 1975இல் மாம் நாடகத்தோடு அமெரிக்காவைச் சுற்றியபோது கால் எலும்பு முறிந்தது. சக்கர நாற்காலியில் அமர்ந்தபடி நடித்தார். திரைப்பட வரிசையை மட்டும் வைத்து இவர் வாழ்க்கையை எழுதுவது ஒற்றைக் காலால் நடப்பதற்கு ஒப்பு.

மூன்றாவது ஆஸ்கரைக் 'கருணைப் பரிசு' என்று அந்தக் கட்டுரை ஏளனம் செய்கிறது. 1974இன் 'மர்டர் ஆன் தி ஓரியண்ட் எக்ஸ்பிரஸ்'. இயக்குநர் லூமெட் தர முன்வந்த இளவரசி வேடத்தை விட்டுவிட்டு, ஸ்வீடிஷ் ஊழியப் பெண்ணின் சிறு வேடத்தைக் கேட்டு வாங்கினார். அவருக்கு உண்மையில் இருப்பது ஒரே காட்சி. காமிரா அவரைவிட்டு நகராத ஒற்றை ஷாட். அதில் பேசுவது தட்டுத் தடுமாறும் கன்னி ஆங்கிலம். முப்பத்தைந்து ஆண்டுகள் ஆங்கிலத்தில் உழைத்து, உண்டு, சண்டையிட்டு வாழ்ந்த ஒருவர், தாம் கற்றதையெல்லாம் கழற்றி வைத்துவிட்டு 1939இல் வந்திறங்கிய பெண்ணின் நாக்கை மீண்டும் உருவாக்குகிறார். எங்கே வினைச்சொல் கைவிடுகிறது, எங்கே வேதாகமச் சொல் வந்து தாங்குகிறது என்று பாருங்கள். சிரிப்பு வருகிறது, கூடவே அந்தப் பெண்மீது இரக்கமும் வருகிறது. பரிசு மேடையில் அவர் வாலெந்தினா கொர்தேசேதான் இதற்குரியவர் என்றார். அது அவருடைய பெருந்தன்மை. நாம் அதையே ஒப்புதல் வாக்குமூலமாக எடுத்துக்கொள்ள வேண்டுமா?

'ஆட்டம் சொனாட்டா' பற்றி நான் மாணவர்களிடம் சொன்ன பொய்யைத் திருத்த வேண்டும். வாசிப்பு ஒத்திகையிலேயே அவர் எல்லா ஏற்ற இறக்கங்களையும் கண்ணாடி முன் முடிவுசெய்துகொண்டு வந்திருந்ததாகவும், அது தம்மைத் திகைக்க வைத்ததாகவும் இங்மர் பெர்க்மன் தம் நினைவுநூலில் எழுதியிருக்கிறார். அதை நம்பி, செயற்கையை உதிர்த்தவர் இயக்குநர் என்று முழங்கினேன். சார்லட் யார்? விடுதி அறைகளிலும் கச்சேரி மேடைகளிலும் ஆயுளைக் கழித்த பியானோக் கலைஞர். மகளிடம்கூட ஒத்திகை பார்த்த குரலில் பேசுகிற தாய். ஷோபினின் சிறு இசைத்துண்டை மகள் தடவித் தடவி வாசிக்க, அடுத்து தாய் அமர்ந்து விளக்கிக்கொண்டே வாசிக்கும் காட்சியில், பல பத்தாண்டுகள் அயல்மொழிகளில் கிடந்து வந்த ஸ்வீடிஷ்தான் பேசுகிறது. மகளாக நடித்த லிவ் உல்மனும் நார்வேக்காரர். வீட்டுமொழியில் இருவருமே சற்று விருந்தாளிகள். இதை எந்த மேதையும் கறக்கவில்லை. அவர் கையோடு கொண்டுவந்தது. கதைத்தாய் மகளை ஏழாண்டு பாராமல் இருந்தாள் என்பதையே ஏற்காமல் இயக்குநரோடு வாதிட்டவர் அவர். அப்போது புற்றுநோய் அவர் உடலில் இருந்தது. 1982இல், தம் பிறந்த நாளான ஆகஸ்ட் 29 அன்று, லண்டனில் இறந்தார்.

நம் செவிட்டுத்தனத்துக்குக் காரணம் கெட்ட எண்ணமன்று. நாம் உலக சினிமாவைக் கற்றது சப்டைட்டில் வழியே. திரையின் அடியில் ஓடும் வெள்ளை எழுத்தில் ஸ்வீடிஷும் இத்தாலியனும் பிரெஞ்சும் ஒரே மாதிரியான ஆங்கிலம்தான். கண் எழுத்துக்கும் முகத்துக்கும் மாறி மாறி ஓடுகிறது; காதுக்கு வேலையில்லை. ஆகவே முகத்தைப் பற்றி எழுதுகிறோம். முகத்துக்கு வயதானால் 'வீழ்ச்சி' என்கிறோம்.

'யூரோப்பா 51'இன் இரு பதிப்புகளும் 2013இல் வெளியான குறுந்தகட்டுத் தொகுப்பில் ஒன்றாகவே இருக்கின்றன. என்னிடம் உள்ளது. அந்தக் கட்டுரையாளர் எங்கள் ஊர்ப்பக்கம் வந்தால் இரவல் தரச் சித்தமாயிருக்கிறேன். சப்டைட்டிலை அணைத்துவிட்டு, திரைமேல் ஒரு துண்டைப் போட்டு மூடி, இரண்டிலும் முதல் பத்து நிமிடம் கேட்டுவிட்டு வரட்டும். அதற்குப் பிறகும் வீணடிப்பு என்றால், சண்டையைத் தொடரலாம்.