தள்ளுபடியை ரூபாயில் சொல்லுங்கள்

எங்கள் மூங்கில்துறைப்பட்டில் சதவீதம் தெரியாத கரும்பு விவசாயி கிடையாது. கூட்டுறவு சர்க்கரை ஆலை ஊரிலேயே இருக்கிறது. 2025-26 பருவத்துக்கு மத்திய அரசு அறிவித்த விலை, 10.25 சதவீத சர்க்கரை கட்டுமானத்துக்கு, அதாவது கரும்பின் எடையில் அவ்வளவு சர்க்கரை கிடைத்தால், டன்னுக்கு 3,550 ரூபாய், 9.5 சதவீதமோ அதற்கும் குறைவோ என்றால் 3,290.50. முக்கால் சதவீதத்தில் 259 ரூபாய் 50 காசு போய்விடும். டீக்கடையில் நின்றபடியே இந்தக் கணக்கைப் போட்டுவிடுவோம்.

அதே நாங்கள்தான் ஆடி மாதம் கள்ளக்குறிச்சி ஜவுளிக்கடையில் '50% + 20%' என்ற பலகையைப் பார்த்ததும் 70 சதவீதம் என்று பூரித்துப் போகிறோம். 2,000 ரூபாய்ப் புடவையில் முதலில் 1,000 கழியும். அடுத்த 20 சதவீதம் மிச்சமிருக்கும் ஆயிரத்துக்குத்தான், 200 ரூபாய். கொடுக்க வேண்டியது 800. ஆக, தள்ளுபடி 60 சதவீதம்.

கழிக்கத் தெரிந்தும் ஏமாறலாம். எந்த விலையிலிருந்து கழிக்கிறார்கள்? போன ஆடியில் ஒரு கடையில் சட்டை அட்டையின் ஸ்டிக்கரை நகத்தால் நெம்பினேன். அடியில் இன்னொன்று, அதில் விலை குறைவு. ஆயிரம் ரூபாய்ச் சரக்கை 1,500 ஆக்கி 'பாதி விலை' என்றால் 750 ஆகும். உண்மையில் குறைந்தது 25 சதவீதம்தான்.

சட்டம் இல்லாமல் இல்லை. பொட்டலப் பொருள்களுக்கான 2011 விதிகளின்படி, விலையைக் குறைப்பதற்கு மட்டுமே புது ஸ்டிக்கர் ஒட்டலாம். அதுவும் பழைய விலையை மறைக்கக் கூடாது. எம்.ஆர்.பி. என்றாலே வரியும் சேர்ந்ததுதான். அதில் தள்ளுபடி கொடுத்துவிட்டு மேலே தனியாக வாட் வரி வசூலித்தது முறையற்ற வணிகம் என்று 2017-லேயே தேசிய நுகர்வோர் ஆணையம் சொல்லிவிட்டது. புகார் சொல்ல 1915 என்ற எண் இருக்கிறது.

ஆனால் பண்டிகைக் கூட்டத்தில் பிள்ளையை இடுப்பில் வைத்துக்கொண்டு நிற்பவர் ஸ்டிக்கரை நெம்பிப் பார்ப்பாரா, 1915-க்குப் போன் போடுவாரா? அதனால் கடைக்காரர் மீதுதான் பொறுப்பை வைக்க வேண்டும். தள்ளுபடிக்கு முந்தைய மாதம் என்ன விலைக்கு விற்றது, இப்போது என்ன விலை என்ற இரண்டையும் ரூபாயில், ஒரே அளவு எழுத்தில் அட்டையில் போடச் சொல்லி அரசு விதி கொண்டுவரட்டும். சதவீதம் எவ்வளவு என்பதை நாங்களே போட்டுக்கொள்கிறோம்.