யானை ஓடுமா?

வண்டலூர் உயிரியல் பூங்கா பக்கத்திலேயே இருப்பதால், ஊரப்பாக்கம் வீடுகளில் பிள்ளைகளின் விலங்குக் கேள்விகளுக்குக் குறைவிருக்காது. அதில் பெற்றோரைத் திணறடிக்கும் ஒன்று: யானை ஓடுமா?

ஓடும், ஆனால் குதிரை மாதிரி இல்லை. பாயும் குதிரையின் நான்கு கால்களும் ஒரு கணம் அந்தரத்தில் இருக்கும். யானைக்கு ஒரு காலாவது தரையில் இருந்தே ஆக வேண்டும். தாய்லாந்தில் 42 யானைகளின் மூட்டுகளில் பெயின்ட் பொட்டு வைத்து, வேகமாகப் போகவிட்டு வீடியோ எடுத்தது ஜான் ஹட்சின்சன் குழு. 2003-ல் முடிவு வெளியானது. உச்ச வேகம் மணிக்கு சுமார் 25 கி.மீ.! நடக்கும்போது கால் வைக்கும் அதே வரிசைதான். பின்னங்கால்கள் மட்டும் ஸ்பிரிங் போல அமுங்கி எழுந்தன. பாதி நடை, பாதி ஓட்டம் என்று வைத்துக்கொள்ளலாம்.

அந்த வேகத்தில் நம்மில் பலரால் சில நொடிகள்கூட ஓட முடியாது. முதுமலை சாலையில் காரைவிட்டு இறங்கி செல்ஃபி எடுப்பவர்கள் கவனிக்க!

ரயிலுக்கு முன்னால் அதே வேகம் ஒன்றுமே இல்லை. 2021 நவம்பர் 26 இரவு, கோவை நவக்கரை அருகே மங்களூரு - சென்னை ரயில் மோதி மூன்று யானைகள் இறந்தன. 2024 முதல் மதுக்கரை பகுதியில் ஏஐ கேமராக்கள் காவல் இருக்கின்றன. யானை தண்டவாளத்தை நெருங்கும்போதே ரயில்வேக்குத் தகவல் போய்விடுகிறது.