சங்கக்கடைத் தேர்தலுக்கும் தவணையா?



யாழ்ப்பாணம் திருநெல்வேலிச் சந்தைக்கு விடியப்புறமே மரக்கறி கொண்டுவரும் ஒரு தோட்டக்காரர். வயது அறுபதைத் தாண்டிவிட்டது. தகப்பன் காலத்தில் வாங்கிய கூட்டுறவுச் சங்கப் பங்கு அவர் பெயருக்கு மாறி, பற்றுச்சீட்டு பழைய பிஸ்கட் தகரத்துக்குள் பத்திரமாகக் கிடக்கிறது. சங்கத்துக்கு இப்போது யார் தலைவர் என்று கேட்டால், "அது கோட்டிலை கிடக்குது தம்பி" என்கிறார். எந்தச் சங்கம் என்பதை விட்டுவிடுவோம். இந்தப் பதிலைச் சொல்லவேண்டிய நிலையில் ஓர் அங்கத்தவர் இருப்பதே இக்கடிதத்தின் முறைப்பாடு.

சங்கத் தேர்தல் பிணக்குகள் வளரும் விதம் ஊரறிந்ததுதான். கிளைக் கூட்டம் நடக்கும், பொதுச்சபைக்குப் பிரதிநிதிகள் தெரிவாவார்கள், அவர்கள் பணிப்பாளர் சபையைத் தெரிவார்கள். தோற்றவர் அங்கத்தவர் இடாப்பு பிழை என்பார். இன்னொருவர் கிளைக் கூட்டத்துக்குக் கோரம் இருக்கவில்லை என்பார். முறைப்பாடு கூட்டுறவுத் திணைக்களத்துக்குப் போகும், விசாரணை நடக்கும், சில வேளை சபை கலையும். பதவி இழந்தவர்கள் எழுத்தாணை கேட்டு மாகாண மேல் நீதிமன்றம் போவார்கள். இடைக்காலத் தடை, ஆட்சேபனை, தவணை. மேன்முறையீடு என்றால் கொழும்பு. இதற்குள் வழக்குக்குக் காரணமான பதவிக்காலமே முடிந்துபோகும். வென்றவர் கையில் மிஞ்சுவது தீர்ப்பின் பிரதி மட்டும்.

அதுவரை சங்கத்தை யார் நடத்துவது? நியமிக்கப்பட்டவர். கடை திறக்கும், சம்பளம் போகும், ஆனால் பெரிய முடிவு ஒன்றும் எடுபடாது. கூரை ஒழுகினால் வாளி வைப்பார்கள். ஓடு மாற்ற மாட்டார்கள்.

கோளாறு ஆட்களிடம் மட்டும் இருப்பதாகச் சொல்லமுடியாது. 1972ஆம் ஆண்டின் 5ஆம் இலக்கக் கூட்டுறவுச் சங்கங்கள் சட்டம் ஒரே பதவியின் கையில் எவ்வளவைக் கொடுத்திருக்கிறது என்று பாருங்கள். சங்கத்தைப் பதிவது, உபவிதிகளை ஏற்பது, கணக்காய்வு, விசாரணை, சபையைக் கலைப்பது, மாற்று ஆளை நியமிப்பது எல்லாம் கூட்டுறவுத் திணைக்களத் தலைவரான பதிவாளர் பொறுப்பு. சங்க அலுவல் பற்றிய பிணக்குகளும் 58ஆம் பிரிவின்படி அவரிடமே போகவேண்டும். அவர் தானே தீர்க்கலாம், அல்லது நடுத்தீர்ப்பாளரிடம் விடலாம். கலியாணம் பேசியவரே தாலியும் எடுத்துக் கொடுத்து, பிறகு பிரித்தும் வைத்து, பிரிந்தவர்களின் வழக்கையும் தீர்ப்பது போன்ற ஏற்பாடு இது. அந்தக் கதிரையில் எவ்வளவு நேர்மையானவர் இருந்தாலும் தோற்றவருக்குச் சந்தேகம் வரத்தான் செய்யும்.

சங்கங்களிலும் பிழை உண்டு என்பதை மறைக்கத் தேவையில்லை. இருப்பைக் கரைத்தவர்களும், உறவினரை வேலைக்கு ஏற்றியவர்களும், கணக்குக் காட்டாதவர்களும் எங்கும் இருந்திருக்கிறார்கள். திணைக்களம் தலையிடத்தான் வேண்டும். தலையீடு முடிவில்லாமல் நீள்வதே தகராறு.

வடக்கில் இன்னொரு சிக்கலும் சேர்ந்திருக்கிறது. 1987இன் பதின்மூன்றாம் அரசியலமைப்புத் திருத்தம் கூட்டுறவை மாகாணசபைக்குரிய விடயமாக்கியது. வட மாகாணசபைக்கு 2013 செப்ரெம்பர் 21இல் தேர்தல் நடந்தது. 2018 ஒக்ரோபரில் அதன் ஆயுள் முடிந்தது. அதன்பின் ஆளுநரின் நிர்வாகந்தான். சங்கத்துக்குத் தேர்தல் ஏன் பிந்துகிறது என்று எழுந்து கேட்க மாகாணசபை உறுப்பினர் இல்லை, பதில் சொல்ல மாகாண அமைச்சரும் இல்லை.

இது நடப்பது எந்த மண்ணில் என்பதையும் நினைக்கவேண்டும். 1929இல் யாழ்ப்பாணத்துக்குக் கூட்டுறவு மாகாண வங்கி வந்தது. 1934இல் மலையாளப் புகையிலை விற்பனவுச் சங்கம். கேரளத்துச் சந்தையில் தரகரிடம் மாட்டுப்பட்ட கமக்காரர் தாங்களே கூடி விற்கத் தொடங்கினார்கள். 1936இல் மூளாயில் கூட்டுறவு ஆஸ்பத்திரி. யாழ்ப்பாணத்து வீரசிங்கம் மண்டபத்தை 1974 ஜனவரி 10இல் தமிழாராய்ச்சி மாநாட்டில் நேர்ந்த துயரத்தோடு சேர்த்து நினைவுகொள்பவர்கள் பலர். அந்த மண்டபத்துக்குப் பெயர் தந்த வீரசிங்கம் அதிபர் கூட்டுறவுக்காக ஊர் ஊராக உழைத்தவர் என்பதை அறிந்தவர்கள் சிலரே. எழுபதுகளின் தொடக்கத்தில் சிறு சங்கங்களை இணைத்துப் பெரிதாக்கியபோது பணிப்பாளர்களில் பெரும்பாலோரை அரசே நியமித்தது. நியமனப் பழக்கம் அன்று ஊறியது, இன்னும் காயவில்லை. அப்படியிருந்தும் போர்க்காலப் பொருளாதாரத் தடையின்போது மாவும் சீனியும் மண்ணெண்ணெயும் வாங்கச் சனம் வரிசையில் நின்றது சங்கக்கடை வாசலில்தான்.

அக்கரையிலும் நிலைமை பெரிதாகத் திறமில்லை. இந்தியா 2011இல் அரசியலமைப்பையே திருத்தி, பதவிக்காலம் முடியுமுன் கூட்டுறவுத் தேர்தல் நடத்தவேண்டும், கலைத்த சபையைப் பொதுவாக ஆறு மாதத்துக்கு மேல் வெறுமையாக வைத்திருக்கக்கூடாது என்று விதித்தது. கூட்டுறவு மாநில விடயம், மாநிலங்களின் ஒப்புதல் பெறவில்லை என்ற காரணத்தால் 2021 ஜூலை 20இல் உச்ச நீதிமன்றம் அதில் பெரும்பகுதியை வீழ்த்தியது. தமிழ்நாட்டில் 2018இல் தெரிவான சபைகளின் காலம் 2023இல் முடிந்ததும் தனி அலுவலர்கள் வந்து உட்கார்ந்தார்கள். ஆனால் அந்தத் திருத்தம் விழுந்தது இயற்றிய முறையில் இருந்த குறையால். ஆறு மாதம் என்ற கணக்கு பிழை என்பதால் அல்ல. அந்தக் கணக்கை நாங்கள் கடன் வாங்கலாம்.

சபை கலைந்தால் ஆறு மாதத்துக்குள் தேர்தல் என்று சட்டத்தில் எழுதவேண்டும். தேர்தலை நடத்துவதும் தேர்தல் பிணக்கைத் தீர்ப்பதும் திணைக்களத்துக்கு வெளியே உள்ளவர்களிடம் போகவேண்டும். ஓய்வுபெற்ற நீதவான்களுக்கு இந்த மாகாணத்தில் பஞ்சமில்லை. கூட்டுறவுத் தேர்தல் வழக்குகளுக்கு மேல் நீதிமன்றம் முன்னுரிமைத் தவணை கொடுக்கவேண்டும் என்று சட்டத்தரணிகள் சங்கமும் கோரலாம்.

இவற்றுக்கெல்லாம் காலம் பிடிக்கும். ஒரு காரியத்தை வரும் மாதமே செய்யலாம். மாகாணத்தில் எந்தெந்தச் சங்கங்கள் நியமன நிர்வாகத்தின் கீழ் இருக்கின்றன, எந்தத் திகதியிலிருந்து, எந்த வழக்கு எந்த நீதிமன்றத்தில், அடுத்த தவணை எப்போது என்ற பட்டியலைக் கூட்டுறவுத் திணைக்களம் வெளியிட்டு, ஒவ்வொரு சங்கக்கடை அறிவித்தல் பலகையிலும் ஒட்டட்டும். 2016இன் 12ஆம் இலக்கத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் அங்கத்தவர்கள் விண்ணப்பம் எழுதிக் காத்திருக்கும்வரை பார்த்திராமல், ஆளுநர் இதற்குப் பணிப்புரை வழங்கவேண்டும்.

சங்க அங்கத்தவர் ஒருவர்,
திருநெல்வேலி, யாழ்ப்பாணம்.