ஓ.டி.பி. வந்த போன் யார் கையில்?

டிசம்பர் 2025-இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை மத்திய அரசுக்கு ஒரு யோசனை சொன்னது. 16 வயதுக்குக் கீழே உள்ளவர்களைத் தள்ளி வைக்கும் ஆஸ்திரேலியச் சட்டம் மாதிரி இங்கேயும் ஒன்று கொண்டுவர முடியுமா, பாருங்கள் என்று. அதுவே தலைப்புச் செய்தி ஆகிவிட்டது. வழக்கு எதைப் பற்றியது என்பதைப் பலர் கவனிக்கவே இல்லை.

அது 2018-இல் போட்ட பொதுநல வழக்கு. ஆபாசத் தளங்கள் குழந்தைகளுக்குச் சுலபமாகக் கிடைக்கின்றன, அதனால் இணைப்பு கொடுக்கும் நிறுவனங்களே பெற்றோர் கட்டுப்பாட்டு வசதியையும் சேர்த்துக் கொடுக்க வேண்டும் என்பதுதான் அதில் கேட்டது. ஆஸ்திரேலியச் சட்டமோ சமூக வலைத்தளக் கணக்குகளைப் பற்றியது. பலான தளம் பார்க்கக் கணக்கே தேவையில்லையே சாமி!

சரி, தளங்களே வயதைச் சரிபார்க்கட்டும் என்பவர்களும் இருக்கிறார்கள். எப்படி? "18 ஆயிற்றா? ஆம் / இல்லை" என்ற பெட்டி ஒன்று. (உலகம் தோன்றிய நாள் முதல் அதில் "இல்லை" அமுக்கியவன் எவனும் இல்லை.) அடையாள அட்டை கேட்பது, கேமராவில் முகத்தைப் பார்த்து வயதைக் கணிப்பது என்று வேறு வழிகளும் உண்டு. நம் நாட்டில் 2023-இன் தனிநபர் தரவுப் பாதுகாப்புச் சட்டம், 18 வயதுக்குக் கீழே உள்ளவர்களின் தகவலைத் தொடுவதற்குச் சரிபார்க்கத்தக்க பெற்றோர் ஒப்புதல் வேண்டும் என்கிறது. விதிகள் நவம்பர் 2025-இல் வந்தன. இந்தப் பகுதி அமலாக 18 மாத அவகாசம்.

இந்தப் பெற்றோர் ஒப்புதலை விருதுநகர் மாவட்டத்தில் வைத்துப் பார்க்கலாம். வெம்பக்கோட்டைப் பக்கம் ஒரு வீடு என்று வைத்துக்கொள்ளுங்கள். அப்பாவும் அம்மாவும் காலையில் பட்டாசு ஆலை வேனில் ஏறினால் சாயங்காலம்தான் வீடு திரும்புவார்கள். ஆலைக்குள் செல்போன் கூடாது. மருந்து இருக்கிற இடம், விளையாட்டா? அதனால் வீட்டில் இருக்கும் ஒரே ஸ்மார்ட்போன், எட்டாம் வகுப்புப் படிக்கும் பையனிடம். சிம் அம்மா பேரில். ஆதாரில் கொடுத்த நம்பரும் அதுவே. கேஸ் புக் பண்ணுவது, பேங்க் மெசேஜைப் படித்துச் சொல்வது எல்லாம் அவன்தான். இப்போது ஏதோ ஒரு தளம் பெற்றோர் ஒப்புதலுக்கு ஓ.டி.பி. அனுப்புகிறது. அது பையன் கையிலேயே வந்து விழுகிறது. ஆறு இலக்கம் தட்டுகிறான். சட்டப்படி அம்மா சம்மதம் கொடுத்தாகிவிட்டது! அந்த நேரத்தில் அம்மா சரவெடி பின்னிக்கொண்டிருப்பார்.

வவுச்சர் சரியாக இருக்கிறது, சரக்குதான் குடோனில் இல்லை. அதற்கு ஆடிட்டர் கையெழுத்துப் போடுகிற கதைதான் இது.

வயது சரிபார்ப்பு சிவகாசிக்குப் புதுசும் இல்லை. 1986 குழந்தைத் தொழிலாளர் சட்டம், தீப்பெட்டி, பட்டாசு வேலையில் 14 வயது நிரம்பாதவர்களை வைக்கக் கூடாது என்றது. வயதில் தகராறு வந்து, சான்றிதழும் இல்லை என்றால் மருத்துவ அதிகாரியிடம் அனுப்பு என்றது. பக்காவாகத்தான் எழுதினார்கள். ஆனால் அதே சட்டத்தின் 3-ஆம் பிரிவிலேயே ஓட்டை: குடும்பத்தார் துணையோடு நடத்தும் பட்டறைக்குத் தடை பொருந்தாது. (2016 திருத்தத்தில்தான் ஆபத்தான தொழில்களுக்கு அந்தச் சலுகை போனது.) ஆலை கேட்டில் வயது கேட்டால் தீப்பெட்டி ஒட்டும் வேலை திண்ணைக்கு வந்துவிடும். திண்ணையில் யார் போய்ச் சான்றிதழ் கேட்பது?

1996 டிசம்பர் 10 அன்று எம்.சி. மேத்தா வழக்கில் உச்ச நீதிமன்றம் வேறு மாதிரி யோசித்தது. சட்டத்தை மீறிக் குழந்தையை வேலைக்கு வைத்த முதலாளி, ஆளுக்கு 20,000 ரூபாய் கட்ட வேண்டும். வீட்டில் ஒரு பெரியவருக்கு அரசு வேலை ஏற்பாடு செய்ய வேண்டும், முடியாவிட்டால் குழந்தைக்கு 5,000 ரூபாய் நிதியில் போட வேண்டும். பிள்ளை பள்ளிக்கூடம் போக வேண்டும். வசூல் எப்படி நடந்தது என்பது தனிக் கதை. ஆனால் கேள்வி கேட்ட ஆள் சரியான ஆள். பிள்ளையிடம் "உனக்கு என்ன வயசு?" என்று கேட்கவில்லை, முதலாளியிடம் "ஏன் வைத்தாய்?" என்று கேட்டது.

இணையத்தில் நடப்பது இதற்குத் தலைகீழ். ஜூலை 25, 2025 முதல் பிரிட்டனில் ஆபாசத் தளங்கள் கட்டாயம் வயதைச் சரிபார்க்க வேண்டும். சட்டம் அமலான கையோடு அங்கே ஆப் ஸ்டோரில் முதல் வரிசைக்கு ஏறியவை வி.பி.என். ஆப்கள். இங்கே 2015-இல் 857 தளங்களை முடக்கச் சொல்லி, சில நாளில் அரசே பின்வாங்கியது. 2018-இல் உத்தராகண்ட் உயர் நீதிமன்ற உத்தரவுக்குப் பிறகு 827 தளங்கள் முடக்கப்பட்டன. பெரிய தளம் ஒன்று பெயரின் வாலை மட்டும் மாற்றிக்கொண்டு திரும்பி வந்தது. முடக்கத்தால் அதிகம் வளர்ந்தது, எந்தச் சட்டத்துக்கும் பதில் சொல்லாத சில்லறைத் தளங்கள்தான்.

இன்னொரு பயமும் உண்டு. டிஸ்கார்டு வயது தொடர்பான முறையீடுகளுக்காக வாங்கிய அடையாள அட்டைப் படங்களில் சுமார் 70,000 பேருடையது, வெளி ஒப்பந்த நிறுவனம் ஒன்றின் வழியாகக் கசிந்திருக்கலாம் என்று அக்டோபர் 2025-இல் அந்த நிறுவனமே ஒப்புக்கொண்டது. அது அரட்டைத் தளம். ஆபாசத் தளத்தில் கொடுத்த ஆதார் கசிந்தால் சாத்தூரில் ஒருவர், முக்கியமாக ஒரு பெண், தெருவில் நடக்க முடியுமா? தவிர, ஆதாரை நீட்டும் பழக்கம் வந்துவிட்டால் போலித் தளம் நடத்துபவனுக்கும் அதே ஆதார் போகும்.

"அப்போ பிள்ளைகள் எதையும் பார்க்கட்டுமா?" என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி. பத்து வயதுப் பிள்ளை தெரியாமல் அந்தப் பக்கம் போய்விட்டுப் பயந்துபோவது நிஜம். அதைத் தடுக்கச் சட்டம் வேண்டும்தான். ஆஸ்திரேலியச் சட்டத்திலேயே ஒரு நல்ல அம்சம் இருக்கிறது. அபராதம், அதிகபட்சம் 4.95 கோடி ஆஸ்திரேலிய டாலர், நிறுவனத்துக்கு மட்டுமே. பிள்ளைக்கும் பெற்றோருக்கும் இல்லை. எடுத்துக்கொள்ள வேண்டியது அதைத்தான், வயது கேட்கும் சடங்கை அல்ல. 2018 மனு கேட்டதும் ஏறக்குறைய அதுவே. தருகிறவனே பூட்டையும் சேர்த்துத் தரட்டும்.

அந்தப் பூட்டைப் போட வேண்டிய இடம் செல்போன் கடை. புது போன் வாங்கினால் டெம்பர்டு கிளாஸ் ஒட்டி, வாட்ஸ்அப் ஏற்றி, ஜிமெயில் கணக்கும் கடைப் பையனே திறந்து கொடுத்துவிடுகிறான். பிறந்த தேதிக்கு வாய்க்கு வந்த வருஷத்தைப் போடுவான். "பிள்ளைகள் தொடுவாங்களாக்கா?" என்று கேட்டு, ஆமாம் என்றால் வடிகட்டியோடு கொடு, பூட்டின் எண்ணை அக்காவிடம் மட்டும் சொல் என்று போன் கம்பெனியையும் சிம் கம்பெனியையும் கட்டாயப்படுத்த ஆதாரும் வேண்டாம், முகமும் வேண்டாம். ஐந்து நிமிட வேலை.