குன்றில் இருப்பது குன்றிலேயே இருக்கட்டும்

நம் பள்ளியின் கொடிக்கம்பத்திற்கு அருகில், குட்டைத் தென்னையைப் போன்ற உருவத்துடன் நிற்கும் செடியை அறியாத மாணவர் எவரும் இலர். பரிசளிப்பு விழா நாளில் பெற்றோர் பலர் அதன் பக்கத்தில் நின்று படம் எடுத்துக்கொள்வது வழக்கம். சென்ற ஆண்டு, ஐந்தாம் ஆண்டு மாணவி ஒருத்தி அதன் விதைகளைப் பொறுக்கிப் பள்ளித் தோட்டத்தில் நட்டு, நாள்தோறும் நீர் ஊற்றி வந்தாள். மாதங்கள் கழிந்தன, ஒன்றும் முளைக்கவில்லை. "ஐயா, நான் சரியாகத்தானே நட்டேன்? ஏன் முளைக்கவில்லை?" என்று என்னிடம் கேட்டாள். அக்கேள்விக்குரிய விடையில் என் தவறும் அடங்கியுள்ளது. அதனை ஒளிக்காமல் இம்மலரில் எழுதுவதே முறை எனக் கருதுகிறேன்.

அச்செடி சைக்கஸ் என்னும் குலத்தைச் சேர்ந்தது. அது தென்னையும் அன்று; பனையும் அன்று; பெரணியும் அன்று. பூக்காமலேயே விதை தரும் மிகப் பழைய குலம் அது. அதன் முன்னோர் 25 கோடி ஆண்டுகளுக்கும் முன்பே இப்புவியில் வாழ்ந்தமைக்குப் பாறைகளில் பதிந்த தடயங்கள் சான்றாக உள்ளன. நம் நாட்டுக் கடற்கரைகளில் வளரும் ஒரு வகையை மலாய்க்காரர் 'பாக்கு லாவுட்' என்பர். இங்குப் 'பாக்கு' என்பது வெற்றிலையோடு மெல்லும் பாக்கன்று. மலாய் மொழியில் அது பெரணியைக் குறிக்கும் சொல்.

நம் பள்ளியில் நிற்பது கடற்கரை வகையன்று. அது சுண்ணாம்புக்கல் குன்றுகளில் வாழும் 'சைக்கஸ் கிளிவிகோலா' என்னும் இனம். 'சரிவில் வாழ்வது' என்பதே அவ்விலத்தீன் பெயரின் பொருள். 1999ஆம் ஆண்டில் ஆஸ்திரேலியத் தாவரவியலாளர் கென் ஹில் இப்பெயரைச் சூட்டினார். தென் தாய்லாந்திலும், லங்காவி உள்ளிட்ட நம் தீபகற்பத்தின் வடபகுதியிலும் இது இயற்கையாக வளர்கிறது. செங்குத்தான வெண்பாறையின் வெடிப்பில் வேர் நுழைத்து, வெளியே சாய்ந்து நிற்கும் அதன் தோற்றம் காண்போரை வியக்க வைக்கும்.

அங்கே மண் ஏது? பாறை இடுக்கில் மக்கிய இலைகள் ஒரு கைப்பிடி இருந்தால் அதுவே மிகுதி. மழை பெய்தால் நீர் வழிந்தோடிவிடும். வெயில் எழுந்தால் பாறை அடுப்பாய்க் காயும். இத்தகைய இடத்தில் அது எவ்வாறு வாழ்கிறது? தன் தடித்த தண்டில் நீரையும் மாச்சத்தையும் சேர்த்து வைக்கிறது. அதன் வேர்களில் சில மேல்நோக்கி வளர்ந்து, பவளக்கொடி போலக் கிளைத்து நிற்கும். அவ்வேர்களுக்குள் நீலப்பச்சைப் பாசி குடியிருந்து, காற்றிலுள்ள தழைச்சத்தைப் பிடித்துச் செடிக்கு வழங்குகிறது. இஃது உழைக்கும் பெற்றோர்க்குப் புதிய செய்தியன்று. இளம் ரப்பர் மரங்களுக்கு இடையே மூடுபயிர்க் கொடிகளை விதைப்பது எதற்காக? அக்கொடிகளின் வேர்முடிச்சுகளில் வாழும் நுண்ணுயிர்கள் மண்ணுக்குத் தழைச்சத்தைத் தருகின்றன என்பதற்காகத்தானே? நாம் தோட்டத்தில் செய்வதைக் குன்றின்மேல் சைக்கஸ் தானே செய்துகொள்கிறது.

இனி, விதை ஏன் முளைக்கவில்லை என்பதைக் கூறுகிறேன். சைக்கஸில் ஆண் செடி வேறு, பெண் செடி வேறு. ஆண் செடியின் உச்சியில் கூம்பு தோன்றி மகரந்தம் தரும். பெண் செடியின் உச்சியில் சூல் தாங்கிய இலைகள் வட்டமாக விரியும். சைக்கஸ் இனங்கள் பலவற்றில் சிறு வண்டுகளே மகரந்தத்தைக் கொண்டு சேர்க்கின்றன. ஆண் கூம்பிலேயே அவ்வண்டுகள் உண்டு வளர்கின்றன. மணத்தால் இழுக்கப்பட்டுப் பெண் செடிக்கும் செல்கின்றன. ஒரு சிறு வண்டின் மதிப்பை நம் தோட்டத்து மூத்தோரைப்போல் அறிந்தவர் யார்? என் தாயார் செம்பனைத் தோட்டத்தில் வேலை செய்த காலத்தில், ஆண் பூவின் மகரந்தத்தை டால்க் தூளுடன் கலந்து, குலை குலையாகச் சென்று பெண் பூவின்மேல் தூவுவார். 1981ஆம் ஆண்டில் ஆப்பிரிக்காவின் கேமரூன் நாட்டிலிருந்து ஒரு சிறிய கூன்வண்டு இங்குக் கொண்டுவரப்பட்டது. அதன்பின் அவ்வேலையை வண்டே ஏற்றுக்கொண்டது.

நம் பள்ளியில் நிற்பது பெண் செடி. அருகில் ஆண் செடியும் இல்லை. அதற்குரிய வண்டும் இல்லை. ஆதலால் விதைகள் உருண்டு திரண்டாலும் உள்ளே கரு இல்லை. அம்மாணவி நட்டவை யாவும் வெறும் கூடுகளே.

அச்செடியை இங்குக் கொண்டுவந்தவன் நான்தான். ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியிலிருந்து வெளிவந்த சில ஆண்டுகளில், மாணவர்களை வடக்கே ஒரு குன்றுக்குக் கல்விச் சுற்றுலா அழைத்துச் சென்றேன். அடிவாரத்துப் பாறையில் அச்செடி அழகாக நின்றது. கடப்பாறை வாங்கிவரச் செய்து, பெயர்த்தெடுத்து, சாக்கில் சுற்றிப் பேருந்தில் ஏற்றினேன். பின்னர் நான் தலைமையாசிரியராக இப்பள்ளிக்கு வந்தபோது, என் வீட்டு வாசலிலிருந்த அதனை இங்கு நட்டேன். அன்று அதைத் தவறென்று நான் எண்ணவில்லை. 'மாணவர்க்குக் காட்ட உதவுமே' என்றே எண்ணினேன்.

இதனைக் கேட்ட பெற்றோர் ஒருவர், "ஐயா, அந்தக் குன்றை இப்பொழுது கல்லுக்காக உடைத்துக்கொண்டிருக்கிறார்கள். நீங்கள் எடுத்து வந்ததால்தானே இந்தச் செடி பிழைத்தது?" என்றார். நல்லெண்ணத்துடன் கேட்ட கேள்வி. பல நாள் சிந்தித்தேன். பிழைத்தது ஒரு செடி. அதன் குலம் அன்று. தொட்டியிலோ முற்றத்திலோ தனித்து நிற்கும் செடிக்கு நாளை இல்லை.

இதற்கு உலகறிந்த சான்று ஒன்று உண்டு. சைக்கஸின் உறவினங்களுள் ஒன்று, 1895ஆம் ஆண்டில் தென்னாப்பிரிக்காவின் ஙோயே காட்டில் கண்டுபிடிக்கப்பட்டது. அங்கிருந்தது ஒரே ஒரு தூறு; அதுவும் ஆண். அதன் கன்று ஒன்று 1899இல் இலண்டன் கியூ பூங்காவைச் சேர்ந்தது. இன்று பல நாட்டுப் பூங்காக்களில் அதன் பக்கக் கன்றுகள் செழித்து நிற்கின்றன. ஆனால் நூறாண்டுகளுக்கு மேல் தேடியும் அதற்கு ஒரு பெண் செடி கிட்டவில்லை. எத்தனை பூங்காக்களில் நின்றாலும், அவை யாவும் அந்த ஒரே செடிதான். காட்டில் அவ்வினம் அற்றுப்போயிற்று.

நம் குன்றுச் சைக்கஸ் அந்நிலையை இன்னும் எட்டவில்லை. மனிதர் ஏற இயலாத செங்குத்துப் பாறையே அதற்குக் காவல். ஆயினும் பாறையையே உடைத்துவிட்டால் காவல் ஏது? சுண்ணாம்புக்கல் வேண்டாம் என்று நான் கூறவில்லை. நம் வீட்டுச் சுவரும் இப்பள்ளியின் தூண்களும் சிமெண்டால் ஆனவையே. கல்லுடைப்பில் உழைத்துப் பிள்ளைகளைப் படிக்க வைக்கும் பெற்றோரும் நம்மிடையே உள்ளனர். ஆனால், ரப்பர் மரத்தை வெட்டினால் கன்று நட்டு ஏழாண்டுகளில் மீண்டும் பால் எடுக்கலாம். குன்றை வெட்டினால் எதை நடுவது? தீபகற்ப மலேசியாவின் சுண்ணாம்புக்கல் குன்றுகளில் 1,200க்கும் மேற்பட்ட தாவர இனங்கள் பதிவாகியுள்ளன. அவற்றுள் பல வேறெங்கும் வளர்வதில்லை. ஆகவே, ஏற்கெனவே உடைக்கத் தொடங்கிய குன்றுகளோடு நிறுத்திக்கொள்வதும், புதிதாக அனுமதி தருமுன் அங்கு என்னென்ன வாழ்கின்றன என ஆராய்வதும் அறிவுடைமை என்பதே என் கருத்து.

அரசின் கடமை அஃது. நம் கடமை எது? முதலாவதாக, குன்றிலோ காட்டிலோ கண்ட சைக்கஸைப் பெயர்க்காதிருத்தல். வீட்டுக்கு வேண்டுமெனில், விதையிலிருந்து வளர்த்த கன்றா என நாற்றுப்பண்ணையில் கேட்டு வாங்குதல். காட்டுச் செடி என்று ஒருவர் விற்க வந்தால் மறுத்துவிடுதல். சைக்கஸ் இனங்களின் அனைத்துலக வணிகம் 1977 முதல் உலக உடன்படிக்கையால் கட்டுப்படுத்தப்பட்டுள்ளது. நம் நாட்டில் அதற்கென 2008ஆம் ஆண்டுச் சட்டமும் உண்டு.

இரண்டாவதாக, குன்றின் அடிவாரத்தில் குப்பைக்குத் தீ வைக்காதிருத்தல். வெயில் காலத்தில் அத்தீ சரிவில் ஏறினால், மெல்ல வளர்ந்த செடிகள் ஒரே நாளில் கருகிவிடும். மூன்றாவதாக, நம் கோயில்கள் பல சுண்ணாம்புக்கல் குன்றுகளின் குகைகளிலும் அடிவாரங்களிலும் அமைந்துள்ளன. பத்துமலையை அறியாதார் யார்? மண்டபம் கட்டும்பொழுது சரிவிலுள்ள செடிகொடிகளை இயன்றவரை விட்டுவைத்தால், மலையையே கோயிலாக எண்ணிய நம் முன்னோர் மரபுக்கு அது பொருந்தும். மாணவர்க்கு ஓர் எச்சரிக்கை: சைக்கஸ் விதையில் நஞ்சு உண்டு. அதனை வாயில் வைத்தல் கூடாது.

நம் பள்ளிச் செடியை இனிக் குன்றுக்குத் திருப்பி அனுப்ப இயலாது. அது நின்ற பாறை இப்பொழுது அங்கு இல்லை. ஆதலால் அதன் அருகில் ஒரு பலகை வைக்குமாறு அம்மாணவியிடம் கூறினேன். அவள் தன் கையெழுத்தில் எழுதியது இது: "இச்செடி குன்றிலிருந்து எடுத்துவரப்பட்டது. எடுத்திருக்கக் கூடாது." என் தவற்றை என் மாணவி எழுதக் கண்டு நான் வெட்கப்படவில்லை, மகிழ்ந்தேன்.

அடுத்த கல்விச் சுற்றுலாவிற்குக் கடப்பாறை வேண்டாம். தாளும் எழுதுகோலும் போதும். மாணவச் செல்வங்களே, குன்றின்கீழ் நின்று அண்ணாந்து பாருங்கள், வரையுங்கள், வீட்டிற்கு வந்து பெற்றோரிடம் கூறுங்கள். குன்றில் இருப்பது குன்றிலேயே இருக்கட்டும்.

அன்புடன்,
தலைமையாசிரியர்