சிரிப்பும் ஒரு சங்கிலி வினையே

கட்டடப் பொறியியல் பற்றிய முகநூல் பக்கம் ஒன்று, 2019 மே மாதத்தில் சுத்தியலின் படத்தைப் போட்டு, "உங்கள் நாட்டில் இதன் பெயர் என்ன?" என்று கேட்டது. தமிழர் ஒருவர் பெயரைச் சொன்னதோடு, இது விழுந்துதான் பெயின்டிங் காண்ட்ராக்டர் நேசமணியின் தலை உடைந்தது என்றும் எழுதினார். நேசமணி, 2001-இல் வெளிவந்த 'ஃபிரண்ட்ஸ்' திரைப்படத்தில் வடிவேலு ஏற்ற பாத்திரம். படத்தை அறிந்தவர்கள், அவர் நலம்பெறப் பிரார்த்திப்போம் என்று விளையாட்டில் சேர்ந்தனர். அறியாதவர்கள், "யார் இவர்?" என்றனர். அந்தக் கேள்வியும் செய்தியைப் பரப்பிற்று! ட்விட்டரில் உலகெங்கும் மிகுதியாகப் பேசப்பட்ட தலைப்புகளுள் அது ஒன்றாயிற்று.

இவ்வாறு ஒருவரைப் பார்த்து ஒருவர் நகலெடுப்பதால் பரவும் கருத்துக்கு 'மீம்' என்று 1976-இல் பெயரிட்டவர் உயிரியல் அறிஞர் ரிச்சர்ட் டாக்கின்ஸ்.

பரவும் வேகத்தைக் கணக்கிட்டுப் பாருங்கள். கனகம்மாசத்திரத்தில் ஒரு மாணவர் இருவருக்கு அனுப்புகிறார். அவர்கள் ஆளுக்குப் புதிதாக இருவருக்கு அனுப்புகிறார்கள். பத்தாம் படியில் 1,024 பேர். இருபதாம் படியில் 10,48,576 பேர்! யுரேனிய அணுக்கரு பிளந்து வெளிவரும் நியூட்ரான்கள், மேலும் பல அணுக்கருக்களைப் பிளக்கும் சங்கிலி வினையும் இத்தகையதே.

ஆனால், இக்கணக்குக்கு நகைச்சுவை எது, நஞ்சு எது என்று தெரியாது. 2018 மே மாதம், குழந்தை கடத்துவோர் நடமாடுவதாக வாட்ஸ்அப்பில் பொய்ச்செய்தி பரவியது. போளூரை அடுத்த அத்திமூரில், கோயிலுக்கு வந்த மூதாட்டி ஒருவரைக் கூட்டம் அடித்துக் கொன்றது. நம் திருவள்ளூர் மாவட்டத்துப் பழவேற்காட்டிலும் ஒருவர் அவ்வாறே உயிரிழந்தார். அதே ஆண்டு ஜூலையில், இந்தியாவில் ஒரு செய்தியை ஒரே நேரத்தில் ஐந்து பேருக்கு அல்லது ஐந்து குழுக்களுக்கு மேல் அனுப்ப முடியாதபடி வாட்ஸ்அப் நிறுவனம் வரம்பு விதித்தது.

இந்த வரம்பு மட்டும் போதாது என்பதே என் கருத்து. ஆளுக்கு ஐவர் என்றாலும் சங்கிலி வளரத்தானே செய்யும்? அணு உலையில் நியூட்ரான்களை விழுங்கும் கட்டுப்பாட்டுத் தண்டுகள் உண்டு. செய்திச் சங்கிலியில் அத்தண்டு நாம்தான்.

எல்லோரும் நிறுத்த வேண்டும் என்பதில்லை. ஆளுக்கு இருவர் என்ற கணக்கில், பெறுவோரில் பாதிக்குச் சற்று அதிகமானோர் அனுப்பாமல் விட்டாலே, சராசரி ஒன்றுக்குக் கீழே இறங்கும், சங்கிலி அறுந்துவிடும்.

நேசமணியைத் தாராளமாக அனுப்புங்கள். அவர் கற்பனைப் பாத்திரம் என்பது அனுப்புகிறவருக்குத் தெரியும். உண்மையா என்று தெரியாத செய்தி வந்தால், எதிர்த்து வாதாடக்கூட வேண்டாம். உங்களோடு அது நின்றுவிடட்டும்.